எலும்பு கூடிய பிறகும் எக்ஸ்ரே எதற்கு?

கேள்வி: என் மகனுக்கு 11 வயது. மூன்று வாரத்துக்கு முன்பு ஓடிக்கொண்டிருந்தவன் தடுக்கி, கையை ஊன்றி விழுந்தான். இடது மணிக்கட்டு வீங்கிவிட்டது. சுளுக்காகத்தான் இருக்கும் என்று ஐஸ் வைத்துப் படுக்க வைத்துவிட்டேன். மறுநாள் வீக்கம் அதிகமாகவே ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனோம். எக்ஸ்ரே பார்த்துவிட்டு, 'குரோத் பிளேட்டில் முறிவு, சால்ட்டர்–ஹாரிஸ் டைப் 2' என்றார்கள். மயக்கம் கொடுத்து எலும்பை நேராக்கி மாவுக்கட்டு போட்டார்கள். போன வாரம் எடுத்த எக்ஸ்ரேயில் எலும்பு புறங்கைப் பக்கமாக 10 டிகிரி சாய்ந்திருக்கிறதாம். 'தொட வேண்டாம், தானாக நேராகிவிடும்' என்கிறார் மருத்துவர். கட்டுப் பிரித்த பிறகும் ஆறு மாதம் கழித்து ஒரு முறை, ஒரு வருடம் கழித்து ஒரு முறை வந்து எக்ஸ்ரே எடுக்க வேண்டுமாம். எலும்புதான் கூடிவிடுமே, அப்புறம் எதற்கு? கை வளராமல் குட்டையாகிவிடுமோ என்று எனக்குத் தூக்கமே வருவதில்லை. ஒரு நாள் தாமதித்ததுதான் காரணமா? வேறு இடத்தில் காட்டி மறுபடி நேராக்கச் சொல்லலாமா? கால்சியம் மாத்திரை கொடுக்கட்டுமா? எப்போது விளையாட விடலாம்?

பதில்:

அன்புள்ள அம்மா,

உங்களை உறுத்திக்கொண்டிருக்கும் கேள்விக்கு முதலில் வருகிறேன். ஒரு நாள் தாமதித்ததால் உங்கள் மகனுக்கு எந்தக் கெடுதலும் நேரவில்லை. இந்த முறிவில் வளர்ச்சித் தட்டுக்கு (குரோத் பிளேட் என்று அவர்கள் சொன்னது) என்ன சேதம் ஆகவேண்டுமோ, அது விழுந்த அந்த நொடியிலேயே ஆகிவிடுகிறது. ஒரு ராத்திரி கழித்துக் கட்டுப் போட்டதால் அது கூடுவதில்லை. விலகிய எலும்பை முதல் சில நாட்களுக்குள் நேராக்கிவிட வேண்டும். நீங்கள் மறுநாளே போய்விட்டீர்கள். அந்தக் கவலையை அத்தோடு விட்டுவிடுங்கள்.

கை குட்டையாகுமா என்பதற்கும் சுற்றி வளைக்காமல் சொல்லிவிடுகிறேன். மணிக்கட்டுப் பக்கத்தில் ரேடியஸ் (முன்கையில் கட்டைவிரல் பக்கம் இருக்கும் எலும்பு) எலும்பின் வளர்ச்சித் தட்டில் முறிவு வந்த 100 குழந்தைகளை எடுத்துக்கொண்டால், ஏறத்தாழ நான்கைந்து பேருக்குத்தான் வளர்ச்சி தடைபடுகிறது. மற்றவர்களுக்குக் கை வழக்கம்போல வளர்ந்துவிடும். ஆனால் உங்கள் மகன் அந்த நான்கைந்து பேரில் ஒருவனா இல்லையா என்று இன்றைக்கு எந்த மருத்துவராலும் சொல்ல முடியாது, எந்த எக்ஸ்ரேயும் காட்டாது. ஆறு மாதம் கழித்து வரச் சொல்வது அதற்காகத்தான். என்னைக் கேட்டால், இந்தச் சிகிச்சையில் பெற்றோர் எளிதில் விட்டுவிடுவதும், விடவே கூடாததும் அந்த வருகைதான். எலும்பு கூடுவது ஒரு விஷயம். வளர்ச்சித் தட்டு தன் வேலையைத் தொடர்வது வேறு விஷயம். முதலாவது நான்கைந்து வாரத்தில் தெரிந்துவிடும். இரண்டாவது தெரிய மாதக்கணக்கில் ஆகும்.

இது ஏன் என்று புரிந்துவிட்டால் உங்கள் மற்ற கேள்விகளுக்கும் பாதி பதில் கிடைத்துவிடும். அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

கை, கால்களில் உள்ள நீளமான எலும்புகள் நடுவில் வளர்வதில்லை. முனைக்குச் சற்று உள்ளே, எலும்பின் குறுக்கே மெல்லிய குருத்தெலும்பு அடுக்கு ஒன்று இருக்கிறது. அதுதான் வளர்ச்சித் தட்டு. சில மில்லிமீட்டர் தடிமன்தான் இருக்கும். சுண்ணாம்புச் சத்து ஏறாத குருத்தெலும்பு என்பதால் எக்ஸ்ரேயில் அது பதிவதில்லை. வெள்ளை எலும்புக்கு நடுவே கறுப்புக் கோடாகத் தெரியும். உங்கள் மகனின் எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். மணிக்கட்டுக்கு மேலே இரண்டு எலும்புகளிலும் இந்தக் கோடு இருக்கும். இதைப் பார்த்துவிட்டு, 'இங்கேயும் உடைந்திருக்கிறதே' என்று பதறும் பெற்றோர் நிறைய உண்டு. அது முறிவு இல்லை. இன்னும் வளர்ச்சி மிச்சமிருக்கிறது என்பதற்கான அடையாளம். பெண் குழந்தைகளுக்கு ஏறத்தாழ 13 முதல் 15 வயதுக்குள்ளும், ஆண் குழந்தைகளுக்கு 15 முதல் 17 வயதுக்குள்ளும் பெரும்பாலான தட்டுகள் எலும்பாக மாறி மூடிக்கொள்ளும். அப்போது கறுப்புக் கோடும் மறைந்துவிடும்.

அந்தத் தட்டை மைக்ராஸ்கோப்பில் பார்த்தால், செல்கள் காசுகளை அடுக்கி வைத்ததுபோல வரிசை வரிசையாக நிற்கும். மூட்டை ஒட்டிய பக்கத்தில் இருப்பவை மூலச் செல்கள். அவை பிரிந்து பெருகுகின்றன. அடுத்த அடுக்கில் ஒவ்வொரு செல்லும் ஊதிப் பெரிதாகிறது. கடைசியில் சுண்ணாம்பு படிந்து, அந்த இடம் எலும்பாகிறது. இப்படி எலும்புத் தண்டின் (நீண்ட நடுப்பகுதியின்) பக்கம் புது எலும்பு சேர்ந்துகொண்டே போவதால்தான் குழந்தை உயரமாகிறது. இதில் செல்கள் ஊதிப் பெருத்திருக்கும் அடுக்குதான் பலவீனமானது. செல்களே இடத்தை அடைத்துக்கொள்வதால் அவற்றைப் பிடித்துவைக்கும் பொருள் அங்கே குறைவு. கீழே விழும்போது முறிவு பெரும்பாலும் அந்த அடுக்கு வழியாகவே ஓடுகிறது. இது குழந்தைக்கு நல்லதுதான். மூலச் செல்கள் மூட்டுப் பக்கத்துத் துண்டோடு ஒட்டியபடி, தங்களுக்கான ரத்த ஓட்டத்தோடு தப்பித்துவிடுகின்றன. எலும்பை நேராக வைத்துவிட்டால் அவை மறுபடி வேலையைத் தொடங்கிவிடும்.

டைப் 2 என்று உங்களிடம் சொன்னது இதைத்தான். டொரண்டோவைச் சேர்ந்த எலும்பு மருத்துவர்கள் ராபர்ட் சால்ட்டரும் ராபர்ட் ஹாரிஸும் 1963-ல் இந்த முறிவுகளை ஐந்து வகையாகப் பிரித்தார்கள். இன்றும் எல்லா இடத்திலும் அந்த எண்களைத்தான் பயன்படுத்துகிறோம். தட்டு வழியாக மட்டுமே பிரிந்தால் டைப் 1. தட்டு வழியாக ஓடி, கடைசியில் தண்டுப் பக்கம் திரும்பி, எலும்பில் ஒரு சின்ன முக்கோணச் சில்லைப் பெயர்த்துக்கொண்டு போனால் டைப் 2. வளர்ச்சித் தட்டு முறிவுகளில் பெரும்பாலானவை இந்த வகைதான். பக்கவாட்டில் எடுத்த எக்ஸ்ரேயில் அந்த முக்கோணத்தை நீங்களே கண்டுபிடித்துவிடலாம். டைப் 3, டைப் 4 இரண்டும் வேறு மாதிரி. அவற்றில் முறிவு மூலச் செல் அடுக்கையே வெட்டிக்கொண்டு மூட்டுக்குள் போய்விடும். மூட்டின் பரப்பு மேடு பள்ளமாக நின்றுவிட்டால் பின்னாளில் தேய்மானம் வரும். தட்டு பொருந்தாமல் நின்றுவிட்டால் வளர்ச்சி கெடும். அதனால் அந்த இரண்டிலும் துண்டுகளை மிகத் துல்லியமாகப் பொருத்தியே ஆகவேண்டும். விலகல் இருந்தால் பெரும்பாலும் அறுவை சிகிச்சைதான். சில சமயம் முறிவு எப்படி ஓடியிருக்கிறது என்று பார்க்க சிடி ஸ்கேனும் தேவைப்படும். டைப் 5 அரிது. தட்டு நசுங்கிப்போவது. முதல் நாள் எக்ஸ்ரேயில் ஒன்றுமே தெரியாது. மாதங்கள் கழித்து வளர்ச்சி நின்ற பிறகுதான் அப்படி நடந்திருக்கிறது என்றே தெரியவரும்.

ஆக, உங்கள் மகனுக்கு வந்திருப்பது இந்த ஐந்தில் நல்ல பக்கத்தில் இருக்கும் ஒன்று.

நீங்கள் சுளுக்கு என்று நினைத்ததைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். இது உங்களுக்காக இல்லை, இதைப் படிக்கும் மற்ற பெற்றோருக்காக. மூட்டைச் சுற்றியுள்ள தசைநார்கள் குழந்தைகளுக்கு மிகவும் உறுதியானவை. வளர்ச்சித் தட்டைவிட உறுதியானவை. பெரியவருக்குத் தசைநார் கிழியும் அதே விழுகையில் குழந்தைக்குத் தட்டு விட்டுக்கொடுத்துவிடும். வளரும் பிள்ளைக்கு மூட்டருகே வீக்கமும் வலியும் வந்தால் வெறும் சுளுக்கு என்று வீட்டிலேயே முடிவுகட்டாமல் காட்டிவிடுவது நல்லது. நாங்கள் பார்க்கும்போது ஒற்றை விரல் நுனியால் அழுத்திப் பார்ப்போம். உதாரணமாக, கணுக்காலில் வெளிப்பக்க எலும்பு முடியும் இடத்துக்குக் கீழே, மென்மையான பகுதியில் வலித்தால் தசைநாராக இருக்கலாம். அதற்கு ஒரு விரல்கடை மேலே, எலும்பின் மீதே தொட்டதும் பிள்ளை காலை இழுத்துக்கொண்டால் தட்டின் மேல் சந்தேகம் வரும். எக்ஸ்ரே சரியாக இருந்தாலும் அந்தச் சந்தேகம் போகாது. விலகாத டைப் 1 எக்ஸ்ரேயில் தெரியாமல் போகலாம். இப்படிக் கணுக்காலின் வெளிப்பக்கம் வலித்து, எக்ஸ்ரேயும் சரியாக இருந்த குழந்தைகளுக்கு எம்ஆர்ஐ எடுத்துப் பார்த்ததில், பலருக்கு உண்மையில் தசைநார்க் காயமும் எலும்பில் கன்றலும்தான் இருந்தன. அதனால் இப்போது அவர்களுக்குக் கழற்றி மாட்டும் பட்டையே போதும் என்கிறோம். வலி குறையாமல் இருந்தால் ஒரு வாரம் பத்து நாளில் திரும்ப எக்ஸ்ரே எடுப்போம்.

சரி, இப்போது அந்த 10 டிகிரி சாய்வுக்கு வருவோம். வேறு இடத்தில் காட்டி மறுபடி நேராக்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். வேண்டாம். உங்கள் மருத்துவர் சொன்னதை நானும் அப்படியே சொல்கிறேன், காரணத்தோடு.

விழுந்து ஒரு வாரம், பத்து நாள் ஆனதும் முறிவு ஒட்ட ஆரம்பித்துவிடுகிறது. குழந்தைகளுக்கு அவ்வளவு வேகம். அதற்கு மேல் எலும்பைப் பிடித்துத் திருப்ப வேண்டுமென்றால், ஒட்டியதைப் பிய்க்கும் அளவுக்கு அழுத்தம் கொடுக்க வேண்டும். அந்த அழுத்தம் நேராகத் தட்டின் மேல்தான் விழும். விழுந்தபோது தப்பிய மூலச் செல்களை நாமே நசுக்கியதாகிவிடும். 10 டிகிரி சாய்வை நேராக்கப் போய் வளர்ச்சியையே நிறுத்திக்கொள்வது எந்தக் கணக்கிலும் லாபமில்லை. அதனால்தான் இந்த இடத்து முறிவில், பத்து நாள் தாண்டிய பிறகு தெரியும் சாய்வை நாங்கள் தொடுவதில்லை. எலும்பு பிறகு நேராகாமல் போனால், தட்டை விட்டு விலகி எலும்பை வெட்டி நேராக்கும் வழி எப்போது வேண்டுமானாலும் இருக்கிறது. பெரும்பாலானவர்களுக்கு அது தேவைப்படுவதே இல்லை.

தானாக நேராகும் என்பது ஆறுதலுக்குச் சொல்லும் வார்த்தை இல்லை. தட்டு சாய்ந்து நின்றால், அது இரண்டு பக்கமும் ஒரே அளவில் வளராது. மூட்டின் அழுத்தத்துக்கு நேராக நிற்கும் வரை ஒரு பக்கம் கூடுதலாக வளர்ந்து தன்னைத் திருப்பிக்கொள்ளும். கூடவே வளைவின் உள்பக்கம் எலும்பு சேரும், வெளிப்பக்கம் கரையும். இது நடக்க மூன்று விஷயங்கள் வேண்டும். வளர இன்னும் வருடங்கள் இருக்க வேண்டும். முறிவு தட்டுக்குப் பக்கத்தில் இருக்க வேண்டும். சாய்வு, மூட்டு மடங்கி நிமிரும் திசையிலேயே இருக்க வேண்டும். உங்கள் மகனுக்கு மூன்றும் இருக்கிறது. மணிக்கட்டு மேலும் கீழுமாக மடங்குகிறது; சாய்வும் புறங்கைப் பக்கம்தான். 11 வயதுப் பையன், இன்னும் நான்கைந்து வருடம் வளர்வான். அதிலும் ரேடியஸ் எலும்பின் நீளத்தில் 75 முதல் 80 சதவீதம் மணிக்கட்டுப் பக்கத்துத் தட்டிலிருந்துதான் வருகிறது. சரிசெய்துகொள்ளும் திறன் அங்கே மிக அதிகம். தோராயமாக மாதத்துக்கு ஒரு டிகிரி என்று வைத்துக்கொள்ளலாம். வரும் ஒரு வருடத்தில் இந்தச் சாய்வு இருந்த இடம் தெரியாமல் போக எல்லா வாய்ப்பும் இருக்கிறது. அதுவரை கையைப் பக்கவாட்டில் பார்த்தால் மணிக்கட்டு லேசாகத் தூக்கினாற்போலத் தெரியலாம். அதைத் தினமும் பார்த்துக் கவலைப்பட வேண்டாம். தேய்த்தோ அழுத்தியோ நேராக்க முயலவும் வேண்டாம்.

எல்லா வளைவும் இப்படி நேராகாது என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுகிறேன். திருகிப்போய் ஒட்டிய எலும்பு நேராகாது. விரல்களில் இதைக் குறிப்பாகப் பார்க்க வேண்டும். நீட்டி வைத்திருக்கும்போது விரல் நன்றாகவே இருக்கும். மடக்கினால்தான் பக்கத்து விரல் மேல் ஏறிக்கொள்ளும். மூட்டுக்குள் உண்டான மேடு பள்ளமும் தானாகச் சரியாகாது. இதே 10, 15 டிகிரி சாய்வு 15 வயதுப் பையனுக்கு இருந்தால் என் பதில் வேறாக இருக்கலாம். அவனுக்கு நேராக்கிக்கொள்ள வருடம் மிச்சமில்லை. ஆனால் அவனுக்குத் தட்டு மூடிக்கொண்டாலும் இழப்பு குறைவுதான். உங்கள் மகனுக்கு நேர்மாறு. வளைவை நேராக்க அவன் வயது நமக்கு உதவுகிறது. அதே வயது காரணமாக, தட்டு நின்றுபோனால் இழப்பும் பெரிதாக இருக்கும். அதனால் அவனை விடாமல் கவனிக்க வேண்டியிருக்கிறது.

இப்போது அந்த ஆறு மாத எக்ஸ்ரே. அதில் என்ன தேடுகிறோம் என்று தெரிந்தால் நீங்கள் அதைத் தவறவிட மாட்டீர்கள்.

அடிபட்டதும் தட்டின் வளர்ச்சி சில நாட்கள் மட்டுப்படும். அந்தச் சமயத்தில் தட்டை ஒட்டி எலும்பு கொஞ்சம் அடர்த்தியாகப் படிந்துவிடும். பிறகு வளர்ச்சி தொடரும்போது, அந்த அடர்த்தியான பட்டை தட்டை விட்டு விலகித் தண்டுப் பக்கம் நகர்ந்துகொண்டே போகும். எக்ஸ்ரேயில் அது தலைமுடி அளவுக்கு மெல்லிய வெள்ளைக் கோடாகத் தெரியும். இதை ஹாரிஸ் கோடு என்பார்கள். வகை பிரித்த ஹாரிஸ் வேறு, இந்த ஹாரிஸ் வேறு. கறுப்பாகத் தெரியும் தட்டுக்கும் அந்த வெள்ளைக் கோட்டுக்கும் நடுவே உள்ள இடைவெளிதான் அடிபட்ட நாளிலிருந்து வளர்ந்த அளவு. கோடு முழு அகலத்துக்கும் தட்டுக்கு இணையாக ஓடினால், தட்டு எல்லா இடத்திலும் ஒரே மாதிரி வேலை செய்கிறது என்று பொருள். கோட்டின் ஒரு முனை சரிந்து தட்டைத் தொட்டுக்கொண்டிருந்தால், அந்த இடத்தில் வளர்ச்சி நின்றிருக்கிறது. தட்டின் குறுக்கே சின்ன எலும்புப் பாலம் உருவாகி, இரண்டு பக்கத்தையும் பிணைத்துவிட்டது. இதைப் பார்க்க மூன்று முதல் ஆறு மாதமாவது வளர்ச்சி நடந்திருக்க வேண்டும். கட்டுப் பிரிக்கும் நாளில் இந்தக் கோடே இருக்காது. அன்றைக்கு 'எலும்பு நன்றாகக் கூடிவிட்டது' என்று மருத்துவர் சொல்வது முழு உண்மை. ஆனால் அது வளர்ச்சியைப் பற்றிய செய்தி இல்லை.

ஆறு மாதத்தில் கோடு இணையாக இருந்தாலும், ஒரு வருடத்தில் இன்னொரு முறை பார்ப்பது நல்லது. பாலம் சின்னதாக இருந்தால் விளைவு மெதுவாகத்தான் வெளியே வரும். அடிக்கடி எக்ஸ்ரே எடுப்பதில் பயம் இருந்தால், மணிக்கட்டு எக்ஸ்ரே ஒன்றின் கதிர்வீச்சு, நாம் எல்லோரும் ஒரே நாளில் இயற்கையாகப் பெறும் கதிர்வீச்சைவிடக் குறைவு. இரண்டு கையையும் ஒரே படத்தில் எடுக்கச் சொல்லி மருத்துவர் கேட்டாலும் தயங்காதீர்கள். நல்ல கைதான் அவனுக்கான அளவுகோல்.

வீட்டில் நீங்கள் கவனிக்கக் கூடியதும் ஒன்று உண்டு. முன்கையில் இரண்டு எலும்புகள் பக்கத்தில் பக்கத்தில் வளர்கின்றன. கட்டைவிரல் பக்கம் ரேடியஸ், சுண்டுவிரல் பக்கம் அல்னா. ரேடியஸ் மட்டும் நின்று அல்னா வளர்ந்துகொண்டே போனால், மணிக்கட்டின் சுண்டுவிரல் பக்கத்து மொட்டு துருத்திக்கொண்டு வரும். கை கட்டைவிரல் பக்கம் சாயும். சுண்டுவிரல் பக்கமாகக் கையை ஊன்றினால் வலிக்கும். இரண்டு மணிக்கட்டையும் சேர்த்து வைத்து மாதம் ஒரு முறை பார்த்தால் போதும். வித்தியாசம் தெரிந்தால் ஆறு மாதம் வரை காத்திருக்காமல் போய்க் காட்டுங்கள்.

ஒருவேளை தடை இருக்கிறது என்றே வைத்துக்கொள்வோம். அப்போதும் வழிகள் உண்டு. எம்ஆர்ஐ எடுத்துப் பாலம் எவ்வளவு பெரியது, தட்டின் ஓரத்திலா நடுவிலா என்று பார்ப்போம். தட்டில் பாதிக்கும் குறைவாக இருந்து, குறைந்தது இரண்டு வருட வளர்ச்சி மிச்சமிருந்தால், அந்தப் பாலத்தை மட்டும் குடைந்தெடுத்துவிட்டு, மறுபடி எலும்பு படியாதபடி குழந்தையின் உடம்பிலிருந்தே எடுத்த கொழுப்பை அந்தக் குழியில் வைக்கலாம். ஃபின்லாந்தைச் சேர்ந்த லாங்கன்ஷோல்ட் என்ற மருத்துவர் 1960களில் கொண்டுவந்த முறை இது. எல்லோருக்கும் பலன் தரும் என்று சொல்ல முடியாது. ஆனால் பலன் தந்தால் தட்டு மறுபடி வளரும். அது முடியாவிட்டால், ரேடியஸோடு அல்னாவின் தட்டையும் உரிய நேரத்தில் நிறுத்திவிட்டு இரண்டையும் சமமாக வைக்கலாம். முன்கை ஒரு சென்டிமீட்டர், இரண்டு சென்டிமீட்டர் நீளம் குறைந்தால் வேலைக்கும் விளையாட்டுக்கும் அநேகமாக ஒன்றும் ஆகாது. இரண்டு எலும்பும் சமமில்லாமல் போவதுதான் மணிக்கட்டைக் கெடுக்கும். இதில் எல்லாமே சீக்கிரம் கண்டுபிடிப்பதைப் பொறுத்தது. ஆறு மாதத்தில் தெரிந்தால் சின்ன அறுவை சிகிச்சையோடு போகும். மூன்று வருடம் கழித்து, கை கோணிய பிறகு வந்தால் எலும்பை வெட்டி நேராக்கி, சமயத்தில் நீட்டவும் வேண்டியிருக்கும்.

மற்ற பெற்றோருக்கு ஓர் எச்சரிக்கை. நான் மேலே சொன்ன நம்பிக்கையான கணக்கெல்லாம் மணிக்கட்டின் ரேடியஸ் எலும்புக்கு. எல்லா எலும்புக்கும் அதே கணக்கு பொருந்தாது. பக்கத்திலேயே இருக்கும் அல்னாவின் தட்டு முறிந்தால் வளர்ச்சி தடைபடும் வாய்ப்பு பல மடங்கு அதிகம். முழங்காலுக்கு மேலே தொடை எலும்பின் கீழ்த்தட்டு இன்னும் மோசம். அங்கே தட்டு நேர்க்கோடாக இல்லாமல் அலை அலையாக இருக்கிறது. முறிவு மேடு பள்ளங்களை உரசிக்கொண்டு போவதால் மூலச் செல்கள் எளிதில் சேதமாகின்றன. டைப் 2 என்றே எழுதியிருந்தாலும், அங்கே ஏறத்தாழ பாதிப் பேருக்கு ஏதோ ஓரளவு வளர்ச்சிக் கோளாறு வருகிறது. அந்த ஒரு தட்டுதான் தொடை எலும்பின் நீளத்தில் 70 சதவீதத்தைத் தருகிறது. வருடத்துக்கு ஏறத்தாழ ஒரு சென்டிமீட்டர். கால் என்பதால் நீள வித்தியாசம் நடையில் தெரியும். அதனால் முழங்காலருகே தட்டு முறிந்த பிள்ளைகளை வளர்ச்சி முடியும் வரையில்கூடத் தொடர்ந்து பார்ப்போம். டைப் எண்ணை மட்டும் வைத்துக்கொண்டு நிம்மதி அடையவோ பயப்படவோ கூடாது. எந்த எலும்பு, எந்த முனை, எந்த வயது என்பதும் அதே அளவுக்கு முக்கியம்.

இனி கட்டு. இன்னும் ஒரு வாரம், பத்து நாள் இருக்கும் என்று நினைக்கிறேன். விரல்களை நன்றாக மடக்கி நீட்டச் சொல்லுங்கள். அரிக்கிறது என்று கட்டுக்குள் ஸ்கேலையோ பென்சிலையோ விட விடாதீர்கள். தோல் கீறி உள்ளே புண்ணாகும். கட்டுப் போட்ட முதல் சில நாட்களில் மருந்துக்கும் அடங்காமல் வலி கூடிக்கொண்டே போனாலோ, விரல்கள் மரத்துப்போனாலோ, நீலமாகவோ வெளுத்தோ இருந்தாலோ, விரலை நாம் நீட்டிவிடும்போது பிள்ளை அலறினாலோ, அது ராத்திரி என்றாலும் உடனே போயாக வேண்டிய அவசரம். உங்கள் மகன் அந்தக் கட்டத்தைத் தாண்டிவிட்டான். இருந்தாலும் கட்டு நனைந்தாலோ தளர்ந்து கழன்றுவருவது போலிருந்தாலோ மருத்துவரிடம் காட்டிவிடுங்கள்.

கட்டுப் பிரித்ததும் கையைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். முன்கை மெலிந்திருக்கும், தோல் செதில் செதிலாக உரியும், ரோமம்கூட அடர்த்தியாகத் தெரியும். எல்லாம் சில வாரங்களில் பழையபடி ஆகிவிடும். மணிக்கட்டு இறுக்கமாக இருந்தால், அவனே அன்றாட வேலைகளுக்குக் கையைப் பயன்படுத்தட்டும், அதுவே போதும். குழந்தைகளுக்குப் பிசியோதெரபி அநேகமாகத் தேவைப்படுவதில்லை. யாரும் பிடித்து இழுத்தோ முறுக்கியோ அசைக்கக் கூடாது. கால்சியம் மாத்திரை கேட்டீர்கள். வழக்கமாக நன்றாகச் சாப்பிடும் குழந்தைக்கு அது முறிவைச் சீக்கிரம் கூட்டாது, வளர்ச்சித் தட்டையும் காப்பாற்றாது. வைட்டமின் டி குறைவு என்று பரிசோதனையில் தெரிந்தால் மட்டும், மருத்துவர் எழுதித் தரும் அளவில் கொடுங்கள்.

விளையாட்டுக்கு, கட்டுப் பிரித்த நாளிலிருந்து மேலும் நான்கு முதல் ஆறு வாரம் பொறுக்கச் சொல்லுங்கள். நடக்கலாம், எழுதலாம், மெதுவாக ஓடலாம். விழ வாய்ப்புள்ள விளையாட்டும், கையில் உடம்பைத் தாங்கும் குட்டிக்கரணம், தொங்குவது, ஏறுவது போன்றவையும் அதற்குப் பிறகுதான். அழுத்தினால் வலியில்லை, இரண்டு மணிக்கட்டும் ஒரே அளவு மடங்குகிறது, பிடியும் சமமாக இருக்கிறது என்று ஆன பிறகு அவனைத் தடுக்க வேண்டியதில்லை. பயந்து வருடம் முழுக்க உட்கார வைப்பதால் தட்டுக்கு எந்தப் பாதுகாப்பும் கிடைக்காது.

ஒரு வேலை மட்டும் இன்றைக்கே செய்துவிடுங்கள். விழுந்த மறுநாள் முதலில் எடுத்த எக்ஸ்ரே, நேராக்கிய பிறகு எடுத்தது, போன வாரம் எடுத்தது, மூன்றையும் ஒரே உறையில் போட்டு, மேலே தேதியும், 'இடது ரேடியஸ், கீழ்முனை, டைப் 2' என்றும் எழுதி வையுங்கள். ஊர் மாறினாலும், மருத்துவர் மாறினாலும், அடுத்தவர் ஒப்பிட்டுப் பார்க்க அவை வேண்டும். ஆறாவது மாதம் எந்தத் தேதியில் வருகிறது என்று கணக்கிட்டு, கட்டுப் பிரிக்கும் அன்றே அந்த நாளைக் கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். அன்று எக்ஸ்ரேயைக் கையில் வைத்துக்கொண்டு, 'ஹாரிஸ் கோடு தட்டுக்கு இணையாக இருக்கிறதா டாக்டர்?' என்று தயங்காமல் கேளுங்கள்.